ஒன்றாம் தேதி மழை

அன்று மதுரை ஆபீசில் அந்த அறையில் இருந்தவர்கள் ஐந்து பேர். புதிதாகப் பொறுப்பேற்றிருந்த டைரக்டர், மடியில் பச்சை ஃபைலோடு நிர்வாகப் பிரிவு அதிகாரி, கம்ப்யூட்டரில் மழைக் கணக்குப் பார்க்கும் நித்யா என்ற பெண், வேலையிலிருந்து ஓய்வு பெற்று மூன்று வருடமான டாக்டர் வசுமதி அம்மா, நான். டீ கொண்டுவந்தவரையும் சேர்த்தால் ஆறு. அவர் இரண்டு முறை வந்தார், ஆனால் நிற்கவில்லை. அதனால் ஐந்து என்றே வைத்துக்கொள்கிறேன்.

போடிமெட்டுக்கு அந்தப் பக்கம், ஏலத் தோட்டத்தில் முப்பது வருடத்துக்கு மேல் நான் மழை அளந்த இடத்தில் இப்போது தானாக அளந்து தானாக அனுப்புகிற கருவி வந்துவிட்டது. அதைப் பொருத்த வந்த பிள்ளைகள் இருவர் போடியில் என் அறைக்கு வந்து, "ஐயா, அந்த ஒண்ணாந்தேதி விவகாரத்த ஆபீஸ்ல ஆளுக்கொரு விதமாச் சொல்றாங்க. நீங்களே எழுதிக் குடுத்துருங்க" என்று கேட்டார்கள். நான் எட்டாவதோடு நின்றவன். பரீட்சை அன்று பயத்தில் காய்ச்சல் வந்து படுத்து, பிறகு பள்ளிக்கூடத்துப் பக்கமே போகவில்லை. இந்தப் பக்கங்களையும் மூன்று தடவை அடித்துத் திருத்தியிருக்கிறேன். தப்பு இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

என் பெயர் சுருளிவேல். ஊர் ராசிங்காபுரம். பதினைந்து வயதில் ஜீப் ஏறி மலைக்குப் போனேன். களையெடுப்பு, மருந்தடிப்பு, பிறகு ஏலக்காய் உலர்த்தும் ஸ்டோரில் விறகு தள்ளுகிற வேலை. அப்படியே பத்துப் பன்னிரண்டு வருடம் போய்விட்டது. அதில் சொல்ல ஒன்றுமில்லை.

மழை ஆராய்ச்சிக்காக மதுரை ஆபீசிலிருந்து வசுமதி அம்மா வந்த நாளைச் சொல்ல வேண்டும். போடியிலிருந்து தோட்டத்து ஆட்களோடு நெருக்கியடித்து ஜீப்பில் வந்தார். மடியில் ஒரு பெரிய புனலைக் குழந்தை மாதிரி கட்டிப் பிடித்திருந்தார். கொண்டை ஊசி வளைவு அத்தனையிலும் வாந்தி எடுத்திருந்தார் என்று டிரைவர் பிறகு சொன்னார். இறங்கி வாயைக் கொப்பளித்துவிட்டு, முதல் வேலையாகக் கங்காணியிடம் கேட்டார்.

"இங்க போன வருஷம் எத்தனை நாள் மழை?"

"நல்லாப் பெஞ்சுச்சும்மா. எக்கச்சக்கம்."

"எவ்வளவுன்னு கேக்கல. எத்தனை நாள்?"

கங்காணி எங்களைப் பார்த்தார். நாங்கள் கங்காணியைப் பார்த்தோம். மழையை யாராவது நாள் கணக்கில் எண்ணுவார்களா? அம்மா அதோடு விடவில்லை. தோட்டத்து ஆபீசில் பழைய வருகைப் பதிவேடுகளை வாங்கிக்கொண்டு, மழையால் வேலை நின்ற நாட்களை மட்டும் மூன்று நாள் உட்கார்ந்து பென்சிலால் எழுதி எடுத்தார். சாப்பாடு எங்களோடு. காலில் அட்டை ஏறினால் பேச்சை நிறுத்தாமலே உப்பைத் தடவி எடுத்துப் போடுவார்.

அவர் சொன்னதை எனக்குப் புரிந்த வரையில் எழுதுகிறேன். வருடத்துக்கு மொத்தம் எவ்வளவு மழை என்பதைத்தான் அந்தக் காலத்தில் எல்லோரும் பார்த்தார்கள். அம்மா, மொத்தம் மாறாமலே மலை மாறிவிடும் என்றார். நாற்பது நாள் சாரலாக விழுந்த தண்ணீர் நாலே நாளில் கொட்டினாலும் கூட்டுத்தொகை ஒன்றுதான். ஆனால் ஏலச் செடிக்கு ஒன்றல்ல. அதன் வேர் மேலாக ஓடுகிறது. தை முதல் பங்குனி வரை இடையிடையே நனைந்தால்தான் பிழைக்கும். அந்தக் கோடை மழை நாட்கள் குறைந்துகொண்டே வருகின்றன என்பது அவருடைய சந்தேகம். இந்த மலையைப் பற்றி அப்படிச் சொன்ன முதல் ஆள் அவர்தான். மதுரை ஆபீசில் சிரித்தார்களாம். முதலாளிமார், "மொத்த மழை குறையலயே, அப்புறம் என்ன?" என்றார்களாம். மலையாளி ஜீப் டிரைவர் ஒருவர் அவருக்கு 'மழக்காரி சேச்சி' என்று பெயரே வைத்துவிட்டார். அம்மா அந்தப் பெயரைக் கூப்பிட்டாலும் திரும்பிப் பார்ப்பார்.

அளக்க ஆள் தேடினார். லயத்தில், அதாவது தோட்டத்து வரிசை வீடுகளில், இருந்த எங்கள் எல்லோரையும் நிறுத்தி, "நேத்துச் சாயங்காலம் மழை பெஞ்சதா?" என்று கேட்டார். பெய்தது என்றார்கள் சிலர். தூறியது என்றார்கள் சிலர். நான், "தெரியாதும்மா. நான் ஸ்டோருக்குள்ள இருந்தேன்" என்றேன். என்னை எடுத்துக்கொண்டார். எதற்காக என்று அன்றைக்கு எனக்கு விளங்கவில்லை. ஏதோ தப்பாகச் சொல்லிவிட்டேன், தண்டனை என்றுதான் நினைத்தேன்.

இரண்டே நாள் பயிற்சி. காலை எட்டரைக்கு அளவு. எட்டு இருபத்தைந்துக்குக் கம்பி வேலிக்குள் நிற்க வேண்டும். புனலைத் திருகி எடுத்து, உள்ளே இருக்கும் பாட்டிலை எடுத்து, தண்ணீரை அளவு கிளாசில் ஊற்ற வேண்டும். கிளாசைக் கையில் பிடிக்கக் கூடாது. பலகை மேல் வைத்து, முழங்கால் போட்டு, கண்ணைத் தண்ணீர் மட்டத்துக்குக் கொண்டுவர வேண்டும். தண்ணீர் ஓரத்தில் ஏறி நடுவில் குழிந்திருக்கும். குழியின் அடி எந்தக் கோட்டில் இருக்கிறதோ அதுதான் கணக்கு. அதை வாய்விட்டுச் சொல்லி, நோட்டில் பென்சிலால் எழுதி, எழுதியதை மறுபடி கிளாசோடு ஒப்பிட்டுப் பார்த்த பிறகுதான் கொட்டலாம்.

"கொட்டுன தண்ணி திரும்ப வராது சுருளி" என்பார் அம்மா. நான் கொட்டுவதற்கு முன் மூன்று தடவை ஒப்பிடுவேன். வீட்டுக்குப் போன பிறகு, புனலைச் சரியாகத் திருகினோமா என்று திரும்ப வந்து பார்ப்பேன்.

இன்னொன்றையும் சொல்லிக்கொடுத்தார். "மழை இல்லைன்னா சைபர் போடுங்க. நீங்க போய்ப் பாக்க முடியலைன்னா, கட்டத்தக் காலியா விடுங்க. சைபர்னா பாத்தீங்க, மழை இல்ல. காலின்னா பாக்கல. இந்த ரெண்டையும் கலந்தா நான் படிச்சதெல்லாம் குப்பை."

அவர் குரலை உயர்த்தி நான் கேட்டதில்லை. கோபம் வந்தால் கண்ணாடியைக் கழற்றிச் சேலைத் தலைப்பால் துடைப்பார். நாம் தப்பை ஒப்புக்கொள்கிற வரை துடைத்துக்கொண்டே இருப்பார்.

நான் சேர்ந்த மாதமே, ஒன்றாம் தேதியன்று, அளவு கிளாஸ் கைதவறி உடைந்தது. வேலை போய்விடும் என்று நான்கு நாள் சோறு இறங்கவில்லை. போகவில்லை, வேறு கிளாஸ் வந்தது. ஆனால் அதற்கடுத்த மாதத்திலிருந்து பிள்ளையார் சுழி போடாமல் எனக்கு எழுத வரவில்லை. நோட்டில் எழுதியதைப் பார்த்து, மாதம் முடிந்ததும் அச்சடித்த ஃபாரத்தில் எடுத்தெழுதித் தபாலில் மதுரைக்கு அனுப்ப வேண்டும். நோட்டில் பக்கத்தின் மேலே சுழி போட்டுக்கொள்ளலாம்; அந்த ஃபாரத்தில் மேலே துளி இடம் கிடையாது. அதனால் ஒன்றாம் தேதிக் கட்டத்துக்குள்ளேயே, எண்ணுக்கு முன்னால், சின்னதாக ஒரு 'உ' போட்டேன்.

அம்மா பார்த்தார். சிரித்தார். "பிள்ளையாருக்குத் தனியா ஒரு கட்டம் அச்சடிக்கச் சொல்றேன்" என்றார். அச்சடிக்கவில்லை. நானும் நிறுத்தவில்லை.

மூன்றாவது வருடம் தொடங்கும்போது என் மனைவி பேச்சி தேனி ஆஸ்பத்திரியில் இறந்தாள். நான் பக்கத்தில் இல்லை. எட்டரை அளவுக்காக முதல் ஜீப்பைப் பிடித்து மலையேறியிருந்தேன். வெரசாக அளந்துவிட்டு மதியத்துக்குள் திரும்பிவிடலாம் என்று அவளிடம் சொல்லிவிட்டுத்தான் போனேன். "போய்ட்டு வாங்க, மழை காத்துக்கிட்டா இருக்கும்?" என்றாள் கேலியாக. அன்றைக்கு மழை 0.0.

பதினாறாம் நாள் காரியத்துக்கு அம்மா வந்தார். "ஒரு நாள் காலியா விட்டிருக்கலாமே சுருளி. அதுக்குத்தானே காலின்னு ஒண்ணு வச்சோம்" என்றார். கண்ணாடியைத் துடைத்தார். அன்றைக்கு அது கோபமில்லை என்று நினைக்கிறேன்.

எங்களுக்குப் பிள்ளைகள் இல்லை. அதற்குப் பிறகு லயத்தில் ஒற்றை ஆள். தோட்டத்து ஆட்கள் பண்டிகைக்கும் கல்யாணத்துக்கும் போடிக்கு இறங்குவார்கள். எட்டரை அளவு இருப்பதால் நான் இறங்குவதில்லை. மஞ்சு மூடினால் பக்கத்து வீட்டுக் கதவுகூடத் தெரியாது. பல நாட்கள் நான் வாய் திறந்து சொன்னது அந்த அளவு எண் ஒன்று மட்டும்தான். "மூணு புள்ளி நாலு." கேட்க ஆளில்லை. ஆனாலும் சொல்ல வேண்டும் என்பது விதி.

ஈரத்துக்கும் பூச்சிக்கும் பயந்து, எழுதி முடித்த நோட்டுகளை உலர்த்தும் ஸ்டோரின் பரணில் அடுக்கி வைத்தேன். மலையில் அதைவிடக் காய்ந்த இடம் கிடையாது. பதினோராவது வருடக் கடைசியில் அந்த ஸ்டோர் தீப்பிடித்தது. அவ்வளவு நோட்டும் போயிற்று. ஆபீசுக்கு அனுப்பிய ஃபாரங்கள் பத்திரமாக இருக்கின்றன, கவலைப்பட வேண்டாம் என்று அம்மா எழுதினார். நான் கவலைப்பட்டேன்.

பிறகு வருடங்கள் ஓடின. அம்மா ஓய்வு பெற்றார். பழைய ஃபாரங்களையெல்லாம் கம்ப்யூட்டரில் ஏற்ற, வெளி மாநிலத்தில் ஒரு இடத்துக்கு அனுப்பினார்களாம். அது முடிந்து கொஞ்ச நாளில் எனக்கு போன் வந்தது: இருக்கிற நோட்டுகளை எல்லாம் எடுத்துக்கொண்டு உடனே மதுரைக்கு வரவும். இரண்டு சாக்கில் கட்டிக்கொண்டு பஸ் ஏறினேன். உசிலம்பட்டி தாண்டும் வரை, என்ன தப்புச் செய்தேன் என்று ஒவ்வொரு வருடமாக யோசித்துக்கொண்டே போனேன்.

டைரக்டர் கையில் ஒரு நீளமான அச்சுத் தாள் இருந்தது.

"மிஸ்டர் சுருளிவேல், உங்க மலையில மாசம் பொறந்தா மழையும் சேந்து பொறக்குமோ?"

எனக்கு விளங்கவில்லை. அவர் படித்தார். "ஜனவரி ஒண்ணு, இருபது மில்லிமீட்டர். பிப்ரவரி ஒண்ணு, இருபது. மார்ச் ஒண்ணு, இருபத்தி நாலு. ஜூலை ஒண்ணு, இருநூத்திப் பன்னெண்டு! எந்த வருஷத்த எடுத்தாலும் இதே கதை. மேல போய்ப் பாத்தீங்களா, இல்ல வீட்டுக்குள்ள உக்காந்து எழுதுனீங்களா?"

 

"நான் எழுதுன ஃபாரத்தக் கொண்டாங்க" என்று எப்படியோ கேட்டேன்.

நித்யா ஃபாரக் கட்டை எடுத்துவந்து வைத்தாள். எனக்கு முன் அம்மா அதை இழுத்துப் பார்த்தார். கண்ணாடியைக் கழற்றினார். துடைத்தார். மாட்டிக்கொண்டு மறுபடி பார்த்தார்.

"நித்யா, இத வாசி."

"இருபது, மேடம்."

"தமிழ்ல வாசி."

அந்தப் பெண் குனிந்து பார்த்தாள். "ஐயய்யோ" என்று வாயைப் பொத்திக்கொண்டாள். "இது ரெண்டு இல்ல சார். பிள்ளையார் சுழி!"

தமிழ் தெரியாத கைகள் தட்டச்சு செய்திருக்கின்றன. சுழியும் சைபரும் சேர்ந்து இருபது ஆகிவிட்டது. சுழியும் பன்னிரண்டும் சேர்ந்து இருநூற்றுப் பன்னிரண்டு. டைரக்டர் சிரித்தார். டீ கொண்டுவந்தவர்கூடச் சிரித்துக்கொண்டே வெளியே போனார். அம்மா மட்டும் சிரிக்கவில்லை.

"தப்பு என்னோடது. அவர் சுழி போட்டத நான் அப்பவே பாத்தேன். தனிக் கட்டம் அச்சடிக்கிறேன்னு வாயால சொன்னேன், செய்யல" என்றார்.

"ரொம்ப சிம்பிள் மேடம். எல்லா ஒண்ணாந்தேதியிலயும் முன்னால இருக்கற ரெண்ட எடுத்துரலாம்" என்றார் டைரக்டர்.

மத்தியானம் வரை ஒப்பிட்டோம். நான் சாக்கிலிருந்து நோட்டை எடுத்து வாசிக்க, நித்யா ஃபாரத்தைப் பார்த்து டிக் போட்டாள். நோட்டு இருந்த வருடங்கள் அத்தனையும் சரியாக இருந்தன. பிறகு, எரிந்துபோன முதல் பதினோரு வருடம். முதல் இரண்டு வருடத்தில் சந்தேகமில்லை. முதல் மாதம் தவிர, சுழி போடாமல் நான் எழுதியதே இல்லை. மீதி ஒன்பது வருடம், நூற்றெட்டு ஒன்றாம் தேதிகள். அதில் இருபத்து நான்கில் எண்ணுக்கு முன்னால் சுழி மாதிரி எதுவுமே இல்லை.

"இதுல மட்டும் ஏன்யா விட்டீங்க?" என்று நித்யா கேட்டாள்.

சொல்லத்தான் வேண்டியிருந்தது. துக்கச் சேதிக் கடிதத்தில் பிள்ளையார் சுழி போடுவது வழக்கமில்லை. பேச்சி போன பிறகு எனக்குப் போட மனசு வரவில்லை. பிறகு எப்போதோ மறுபடி போட்டேன். சில மாதம் அவள் நினைப்பு வந்துவிடும், போடாமல் விட்டுவிடுவேன். பிறகு போடுவேன். எந்த மாதம் போட்டேன், எந்த மாதம் விட்டேன் என்று குறித்து வைக்கவில்லை. நோட்டு இருந்தால் தெரிந்துவிடும். நோட்டுதான் இல்லையே.

சிக்கல் எல்லோருக்கும் புரிந்தது. மீதி எண்பத்து நான்கு கட்டங்களில் முதலில் இருப்பது சுழியாகவும் இருக்கலாம், நிஜமான இரண்டாகவும் இருக்கலாம். என் கையெழுத்தில் இரண்டும் ஒரே மாதிரி. அதைவிடக் கெட்ட சேதி, அம்மாவின் பெரிய முடிவு அந்த வருடங்களின் கோடை மாதங்கள் மேல்தான் நின்றது. தொடக்கத்தில் கோடை மழை நாட்கள் இத்தனை, பிறகு இத்தனையாகக் குறைந்தன என்று எல்லோருக்கும் முன்னால் அவர் சொன்னது அந்தக் கணக்கை வைத்துத்தான். ஒன்றாம் தேதிகள் போனால் தொடக்கத்துக் கணக்கு ஆடிப்போகும்.

டைரக்டர் ஒரு தாளில் எழுதி என் பக்கம் தள்ளினார். எண்பத்து நான்கு தேதிகளிலும் முதலில் இருப்பது பிள்ளையார் சுழியே என்று உறுதி கூறுகிறேன். கீழே என் பெயர்.

"ஒரு கையெழுத்துதான். போட்டுட்டீங்கன்னா மேடத்தோட முப்பது வருஷ வேலை அப்படியே நிக்கும்" என்றார். அவர் கெட்டவர் இல்லை. உதவி செய்வதாகத்தான் நினைத்தார்.

"பெரும்பாலும் சுழியாத்தான் இருக்கும் ஐயா" என்றாள் நித்யா மெதுவாக.

நான் அம்மாவைப் பார்த்தேன். அவர் ஜன்னல் பக்கம் திரும்பியிருந்தார். போடுங்கள் என்று ஒரு சைகை செய்திருந்தால் போட்டிருப்பேன். சத்தியமாகப் போட்டிருப்பேன். அவர் திரும்பவில்லை. கண்ணாடியையும் துடைக்கவில்லை.

கட்டின் மேலே ஒரு ஏப்ரல் மாத ஃபாரம் இருந்தது. ஒன்றாம் தேதி, 22.0. மழை நாள் கணக்கில் சேராத இரண்டு மில்லிமீட்டர் தூறலா, இருபத்திரண்டு மில்லிமீட்டர் கோடை மழையா? அந்தக் காலையை மனசுக்குள் கொண்டுவரப் பார்த்தேன். முழங்கால் போட்டது, பலகை, கிளாஸ் எல்லாம் வந்தன. தண்ணீர் எந்தக் கோட்டில் நின்றது என்பது வரவில்லை. அன்றைக்கு அந்த எண்ணை வாய்விட்டுச் சொல்லியிருப்பேன். கேட்ட ஒருவர் இருந்திருந்தால் இன்றைக்குக் கேட்டுக்கொள்ளலாம். மலையில் யார் இருந்தார்கள்?

பேனாவை வைத்துவிட்டேன். "அம்மா, கிளாசுல 'பெரும்பாலும்'னு ஒரு கோடு கிடையாதே" என்றேன்.

அம்மா திரும்பினார்.

"எண்பத்தி நாலையும் காலியா விட்டுரு நித்யா."

"மேடம், அப்ப உங்க முடிவு..."

"காலியா விடு."

பிறகு தன் பையிலிருந்து, அந்த முடிவை எழுதியிருந்த கட்டுரையை எடுத்து, முதல் பக்கத்தில் ஒரு வரியைத் தேடி, ஸ்கேல் வைத்துக் கோடு போட்டு அடித்தார். நேர்கோடாக அடித்தார். நிர்வாக அதிகாரி பச்சை ஃபைலைத் திறந்து, எண்பத்து நான்கு என்று குறித்துக்கொண்டார்.

பஸ் ஸ்டாண்டுக்கு அம்மா ஆட்டோவில் கூட வந்தார். சாக்குகளை ஏற்றும்போது ஒரு பக்கம் பிடித்தார். வேண்டாம் என்றால் கேட்கவில்லை.

"முதல்ல சொன்னது நான்னு இனிமே எழுத முடியாது சுருளி. வேற யாராவது வேற மலையில அளந்து சொல்லுவாங்க. சொல்லட்டும். மழை குறைஞ்சது குறைஞ்சதுதானே" என்றார்.

"என்னாலதாம்மா."

"உங்கள அன்னைக்கு எதுக்கு எடுத்தேன்னு நெனச்சீங்க?" என்றார். பஸ் கிளம்பிவிட்டது. ஜன்னல் வழியாகப் பார்த்தபோது, அவ்வளவு கூட்டத்திலும் அவர் பக்கத்தில் யாரும் இல்லாதது மாதிரி நின்றுகொண்டிருந்தார்.

நான் ஓய்வு பெற்று மலையிறங்கி ஏழு மாதம் கழித்து, போடி அறைக்கு ஒரு தபால் வந்தது. எனக்கு மாதச் சம்பளம் கிடையாது; ஒரு நாள் அளவுக்கு ஐந்து ரூபாய் என்ற கணக்கு. ஆடிட்டில் கண்டுபிடித்திருக்கிறார்கள்: எண்பத்து நான்கு அளவுகள் பதிவேட்டில் காலியாக இருக்கின்றன, காலியான நாளுக்குப் பணம் கிடையாது, கொடுத்ததைத் திருப்பிச் செலுத்தவும்.

கீழே மளிகைக்கடை வைத்திருக்கும் ரஹீம் பாய்தான் அந்த இங்கிலீஷ் கடிதத்தை வாசித்துக் கணக்குப் போட்டார். எண்பத்து நாலு ஐந்து என்று விரல் மடக்கியவர், விழுந்து விழுந்து சிரித்தார்.

"யண்ணே, முப்பது வருசம் நாணயமா இருந்ததுக்கு ஆபீஸ்ல ஒனக்கு ஃபோர் ட்வென்டின்னு பட்டம் குடுத்துருக்கான்! கட்டித் தொலையேண்ணே. எங்கிட்ட வாங்கிக்க, அப்புறமாக் குடு."

கரண்டு பில் வந்த அன்றே கட்டுகிறவன் நான். கடன் என்றால் எனக்குத் தூக்கம் வராது. அன்றைக்கே கட்டப் போனேன். தபால் ஆபீஸ் வாசல் வரை போய்த் திரும்பி வந்து, அம்மாவுக்கு போன் செய்தேன்.

"நான் கட்டிர்றேன் சுருளி, விடுங்க" என்றார்.

"வேண்டாம்மா. யார் கட்டுனாலும் அந்த எண்பத்து நாலு நாளும் நான் போகலைன்னு ஆயிரும். நான் போனேன்மா. பாத்தேன். என்ன எழுதுனேன்னுதான் தெரியல."

 

"அப்பக் கட்டாதீங்க" என்றார்.

அதற்குப் பிறகு மூன்று நினைவூட்டுக் கடிதம் வந்துவிட்டது. ஒவ்வொன்றையும் தேதிவாரியாக அடுக்கி வைத்திருக்கிறேன். கட்டவில்லை. இதை எழுதுகிற இன்றைய தேதியில் நான் ஆபீசுக்குத் தர வேண்டிய பாக்கி ரூபாய் நானூற்று இருபது.